நூறாவது நாளுக்கு ஒரு நாள் முன்பு

ஒவ்வோராண்டும் டிசம்பர் மாதக் கடைசி வாரத்தில் எங்கள் மட்டாஞ்சேரிக் கிளைக்குள் நுழையும் வாடிக்கையாளர்கள் முதலில் வினவுவது வட்டி விகிதத்தைப் பற்றியன்று. ‘காலண்டர் வந்துவிட்டதா?’ என்பதே முதற்கேள்வி. தேதியைப் பெரிய எழுத்தில் அச்சிட்டு, அதன் கீழே பால் கணக்கும் எரிவாயு உருளை வந்த நாளும் குறித்துக்கொள்ள இடம் விட்ட அந்த நாட்காட்டிக்கு, இங்குள்ள மிளகு, சுக்கு மண்டிகளிலும் வீடுகளிலும் தனி மதிப்புண்டு. சென்ற ஆண்டு மீந்துபோன நாட்காட்டி ஒன்றைக் கிளையின் உணவறைச் சுவரில் மாட்டி, வேறொரு கணக்கை அதில் எழுதத் தொடங்கினோம். அக்கணக்கில் நாங்கள் செய்த பிழையையும், அதைத் திருத்திய விதத்தையும் இங்கு வாசகர்களுடன் பகிர்ந்துகொள்கிறோம்.

காரணம் எளியது. பிப்ரவரி மாதத்தில் கிளையில் நடந்த மருத்துவ முகாமில், எங்களுள் பாதிப்பேருக்கு மேல் இரத்தச் சர்க்கரை வரம்பைத் தாண்டியோ வரம்பை ஒட்டியோ இருந்தது. இது எங்கள் கிளைக்கு மட்டும் நேர்ந்ததன்று. இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகத்தின் துணையுடன் சென்னை மெட்ராஸ் நீரிழிவு ஆராய்ச்சி நிறுவனத்தினர் நடத்தி, 2023ஆம் ஆண்டு வெளியிட்ட ஆய்வின்படி, கேரளத்தில் 20 வயதைக் கடந்தோரில் 25.5 விழுக்காட்டினருக்கு நீரிழிவு உள்ளது. கோவாவும் புதுச்சேரியும் மட்டுமே இதனினும் சற்று மேலே நிற்கின்றன. முகாமுக்கு வந்த மருத்துவர் எங்கள் நாற்காலிகளைச் சுட்டிக்காட்டி, ‘இவற்றிலிருந்து நாள்தோறும் அரைமணி நேரம் விடுமுறை எடுங்கள்’ என்றார்.

ஆறு பேர் முன்வந்தோம். மார்ச் 1ஆம் நாள் காலை ஆறு மணிக்கு மட்டாஞ்சேரி படகுத்துறையில் கூடினோம். இப்போது அப்பகுதியில், 2025 அக்டோபரில் திறக்கப்பட்ட நீர்மெட்ரோ முனையமும் இருக்கிறது. அன்று பழைய படகுத்துறை மட்டுமே. அங்கிருந்து பஜார் சாலை வழியே, மூடிக்கிடக்கும் மண்டிகளின் கதவிடுக்கில் கசியும் சுக்கு வாசனையோடு கல்வத்தியைக் கடந்து, சீன வலைகள் நிற்கும் ஃபோர்ட் கொச்சிக் கரை வரை நடப்பது எங்கள் வழக்கமாயிற்று. ஞாயிற்றுக்கிழமைகளில் அவரவர் வீட்டுப் பக்கமே நடந்துவிட்டுத் திங்களன்று நாட்காட்டியில் குறித்துக்கொள்வோம். சரிபார்க்க ஆள் கிடையாது, நம்பிக்கையே ஆவணம்.

சில நாட்களில் வெளி மைதானத்துப் பக்கம் திரும்பினால் சலவைத் தொழிலாளர்களின் டோபி கானாவைக் கடந்து செல்வோம். டச்சுக்காரர் காலத்தில் படைவீரர்களின் உடைகளை வெளுப்பதற்காக அழைத்துவரப்பட்டவர்கள் என்று சொல்லப்படும் தமிழ்க் குடும்பங்களின் வழித்தோன்றல்கள் இன்றும் அங்கே துணி துவைக்கின்றனர். கொடிகளில் கவ்விகள் கிடையா. இரட்டையாக முறுக்கிய கயிற்றின் இடுக்கிலேயே துணியைச் செருகிக் காயவைப்பர். கல்லில் துணி விழும் ஓசையைக் கேட்டுக்கொண்டே, கைக்கடிகாரத்தில் காலடிகளை எண்ணிக்கொண்டு நாங்கள் அவ்விடத்தைக் கடப்பது சற்றுக் கூச்சமாகவே இருந்தது. உடலுழைப்பு தொழிலிலிருந்து நீங்கியவர்களுக்குத்தான் அதை எண்ணிப்பார்க்க வேண்டிய நிலை வருகிறது.

எண்ணிக்கை ஏன் நம்மை நடக்க வைக்கிறது?

விடாமல் செய்த நாட்களைத் தொடர்ச்சியாக எண்ணிக்கொண்டே போவதைச் செல்பேசிச் செயலிகள் ‘ஸ்ட்ரீக்’ என்கின்றன. நாங்கள் ‘நாள்தொடர்’ என்று பெயரிட்டுக்கொண்டோம். நடந்த நாளன்று அவரவர் பெயருக்கு நேராகச் சிவப்பு மையால் ஒரு குறி. ஒரு நாள் விட்டாலும் எண்ணிக்கை மறுபடியும் ஒன்றிலிருந்து தொடங்கும். விதி இவ்வளவே.

இதன் ஆற்றலைக் குறைத்து மதிப்பிட வேண்டா. முதல் பத்து நாட்கள் நடைக்காக நடந்தோம். அதன்பின் குறிக்காக நடந்தோம் என்பதே உண்மை. டேனியல் கானமன், ஆமோஸ் ட்வெர்ஸ்கி ஆகிய இரு உளவியலாளர்கள் 1979இல் வெளியிட்ட கோட்பாடு இதை விளக்குகிறது. நூறு ரூபாய் கிடைப்பதால் வரும் மகிழ்ச்சியைவிட, கையிலிருக்கும் நூறு ரூபாயை இழப்பதால் வரும் வருத்தம் பெரிது. நாற்பது நாட்கள் நடந்தவருக்கு நாற்பத்தோராம் நாள் நடை ஓர் ஆதாயமாகத் தோன்றுவதில்லை. நடக்காமலிருப்பது நாற்பது நாள் முதலைத் தொலைப்பதாகத் தோன்றுகிறது. மழையிலும் அவர் குடையை எடுத்துக்கொண்டு கிளம்புவது அதனால்தான்.

நம் முன்னோர் இதை அறியாதவரல்லர். சித்த மருத்துவத்தில் மருந்துண்ணச் சொல்லும் காலம் ஒரு மண்டலம். தமிழ்நாட்டில் அது 48 நாள். குடமுழுக்குக்குப் பின் நடைபெறும் மண்டல பூசையும் 48 நாளே. கேரளத்தில் சபரிமலை விரதம் விருச்சிக மாதம் முதல் நாள் தொடங்கி 41 நாள். எண் வேறுபட்டாலும் உட்கருத்து ஒன்றே: தொடக்கம் தெரிந்த, முடிவு தெரிந்த, எண்ணத்தக்க ஒரு காலம். செல்பேசிச் செயலியின் எண்ணிக்கைக்கு முடிவில்லை, மண்டலத்துக்கு முடிவுண்டு. இவ்வேற்றுமை சிறிதன்று என்பதைப் பின்னர்தான் உணர்ந்தோம்.

வங்கித் துறையிலும் இதற்கொரு முன்னோடி உண்டு. 1925இல் உடுப்பியில் தோன்றி, பின்னாளில் சிண்டிகேட் வங்கியாக வளர்ந்து, 2020 ஏப்ரல் 1 முதல் கனரா வங்கியுடன் இணைந்த நிறுவனம், 1928ஆம் ஆண்டில் ‘பிக்மி’ வைப்புத் திட்டத்தைத் தொடங்கியது. முகவர் ஒருவர் நாள்தோறும் வீட்டு வாசலுக்கும் கடை வாசலுக்கும் வந்து இரண்டணா போன்ற சிறு தொகையையும் பெற்றுச் செல்வார். சிறு வணிகரும் கூலித் தொழிலாளரும் சேமிக்கப் பழகியது தொகையின் பெருமையால் அன்று. நாளை அதே நேரத்தில் முகவர் வந்து நிற்பார் என்பதால்தான். எங்கள் நடைக்கு முகவராக வாய்த்தது படகுத்துறையில் காத்திருக்கும் மற்ற ஐவரின் முகம். ‘தூங்கிவிட்டேன்’ என்று அவர்களிடம் சொல்வதைவிட எழுந்து செல்வது எளிதாயிருந்தது.

மார்ச் 31, ஆண்டுக் கணக்கு முடிக்கும் நாள். காலையில் நடக்க இயலவில்லை. இரவு பதினொன்றரை மணிக்குக் கணினிகளுக்கும் இரும்புப் பெட்டகத்துக்கும் இடையே அறுவரும் வரிசையாகச் சுற்றி வந்ததைப் பார்த்த காவலாளி, கணக்கு உதைக்கிறதோ என்று அஞ்சினார். 31ஆம் நாளின் குறி இடப்பட்டது.

சாளர அலங்காரம்

மே மாதத்துக்குள் நாள்தொடரின் மறுபக்கமும் தெரியத் தொடங்கியது. நடந்த காலடிகளைச் செல்பேசி எண்ணுமாறு வைத்திருந்தோம், பத்தாயிரம் இலக்கு. இந்த எண்ணின் பூர்விகம் மருத்துவமன்று. டோக்கியோ ஒலிம்பிக் நடந்த மறு ஆண்டான 1965இல் ஜப்பானிய நிறுவனம் ஒன்று விற்பனைக்குக் கொண்டுவந்த காலடிமானியின் பெயரே ‘பத்தாயிரம் அடி மானி’ என்று பொருள்படும். அப்பெயரே உலகின் இலக்காயிற்று. எங்களுள் ஒருவர், இரவு உணவுக்குப் பின் சாய்வு நாற்காலியில் அமர்ந்தபடியே செல்பேசியைத் தொட்டில் ஆட்டுவதுபோல் ஆட்டி மீதி எண்ணூறு அடிகளை ‘நடந்து’ முடித்ததைத் தாமே ஒப்புக்கொண்டார். ஆண்டிறுதியில் ஐந்தொகையை மட்டும் அழகாகக் காட்டும் செயலுக்குக் கணக்கியலில் ‘சாளர அலங்காரம்’ என்று பெயர். வணிகவியல் வகுப்பில் அதைக் குற்றமென்று மனப்பாடம் செய்து மதிப்பெண் வாங்கியவர்கள்தாம் நாமெல்லாரும்.

அது சிரித்து மறக்கத்தக்கது. அடுத்து நடந்தது அப்படியன்று.

எங்கள் மூத்த காசாளர் பாலக்காட்டுத் தமிழர். நீரிழிவுக்கு மாத்திரை எடுத்துக்கொள்பவர். அறுவரில் ஒரு நாளும் தவறாதவர் அவர் ஒருவரே. ஜூன் முதல் வாரம் பருவமழை இறங்கியது. 5ஆம் தேதி அவருக்குக் காய்ச்சல். அன்று அவருடைய 97ஆம் நாள். வீட்டிலிருக்குமாறு சொன்னோம். கேட்கவில்லை. 6ஆம் தேதியும் நடந்தார். 7ஆம் தேதி காலை, தேங்கிய நீரில் கால் நனைய, மழைச்சட்டைக்குள் நடுங்கிக்கொண்டே படகுத்துறைக்கு வந்தார். ‘இன்னும் ஒரே நாள்தான் சார். நாளைக்கு நூறாகிவிட்டால் படுத்துக்கொள்கிறேன்’ என்றார். நாங்களும் அவரைத் திருப்பி அனுப்பவில்லை. நூறாவது நாளுக்கென்று அச்சப்பமும் பழம்பொரியும் வாங்க ஏற்கனவே பணம் திரட்டியிருந்தோம் என்பதை இங்கு மறைக்க விரும்பவில்லை.

அன்றிரவே அவரை மருத்துவமனையில் சேர்க்க வேண்டியதாயிற்று. காய்ச்சலால் சர்க்கரை தாறுமாறாக ஏறியிருந்தது. ஐந்து நாள் சிகிச்சைக்குப் பின் வீடு திரும்பினார். உடல் தேறியது; ஆனால் நடைக்கு வரவில்லை. ஜூலை போயிற்று, ஆகஸ்ட் போயிற்று. உணவறையில் அமரும்போது நாட்காட்டிக்கு முதுகைக் காட்டி அமர்வார். ‘தொண்ணூற்றொன்பது போய்விட்டது, இனி ஒன்றிலிருந்து யார் எண்ணுவது?’ என்றார் ஒருமுறை. செப்டம்பர் பரிசோதனையில், நடந்த மாதங்களில் குறைந்திருந்த சர்க்கரை பழைய அளவுக்கே ஏறியிருந்தது.

அறுந்த பின்

காய்ச்சலோடு நடந்தது மூன்று நாள். அறுந்த பின் நடக்காமலிருந்தது ஐந்து மாதம். இரண்டில் பெரிய இழப்பு எது என்பதைக் கணக்குப் போட்டுப் பார்க்கத் தேவையில்லை. ஜாக்கி சில்வர்மேன், அலிக்ஸாண்ட்ரா பராஷ் என்னும் அமெரிக்க ஆய்வாளர்கள் நுகர்வோர் ஆய்விதழ் ஒன்றில் வெளியிட்ட கட்டுரை இதையே ஆராய்கிறது. ஒரே அளவு செயலைச் செய்தவர்களிடையே, தம் தொடர் அறாமலிருப்பதாகக் காட்டப்பட்டவர்கள் தொடர்ந்து செய்ய விரும்பினர்; தொடர் அறுந்ததாகக் காட்டப்பட்டவர்கள் ஊக்கம் இழந்தனர். செய்த வேலையில் மாற்றமில்லை. குறித்துக் காட்டும் முறையில்தான் மாற்றம். அறுந்த தொடரைப் பழுதுபார்க்க வாய்ப்பளித்தபோது அந்தச் சோர்வு தணிந்தது.

லண்டன் பல்கலைக்கழகக் கல்லூரியின் பிலிப்பா லாலி குழுவினர் 96 பேரைக் கொண்டு நடத்திய ஆய்வும் நமக்கு ஆறுதலளிப்பது. ஒரு செயல் வழக்கமாகப் படிய அவர்களுக்குப் பிடித்த காலம் சராசரியாக 66 நாள். விரைவானவருக்கு 18 நாள், தாமதமானவருக்கு 254 நாள் என்பது கணிப்பு. தண்ணீர் அருந்துவது போன்ற எளிய செயல்களைவிட உடற்பயிற்சி படிய நாளாயிற்று. இடையில் ஒரு நாள் தவறியது வழக்கம் படிவதைக் குறிப்பிடத்தக்க அளவில் பாதிக்கவில்லை. 99 நாள் நடந்த காசாளர் இழந்தது சிவப்பு எண்ணை மட்டுமே; கால்கள் கற்றதை அவர் இழக்கவேயில்லை. அதை அவருக்கு எடுத்துச் சொல்ல எங்களுக்கு அப்போது தெரியவில்லை.

அப்படியானால் எண்ணுவதையே விட்டுவிடலாமா? கூடாது. இதற்கு உடலியல் சார்ந்த காரணம் ஒன்று உண்டு. பணத்தைப்போல் நடையைச் சேமித்துவைக்க முடியாது. விரைந்து நடக்கும்போது தசைகள் இரத்தச் சர்க்கரையை எளிதில் ஏற்கும் நிலையை அடைகின்றன. அந்நிலை ஓரிரு நாட்களில் மங்கிவிடும். எனவேதான் அமெரிக்க நீரிழிவு சங்கம், நீரிழிவுள்ள பெரியவர்கள் வாரத்துக்கு 150 நிமிடப் பயிற்சியைப் பல நாட்களாகப் பிரித்துச் செய்ய வேண்டும் என்பதோடு, தொடர்ச்சியாக இரண்டு நாட்களுக்கு மேல் பயிற்சியின்றி இருத்தலாகாது என்றும் பரிந்துரைக்கிறது. இவ்வரியைப் படித்தபோது எங்கள் விதியில் இருந்த பிழை புலப்பட்டது. நாங்கள் எண்ணியிருக்க வேண்டியது விடாத நாட்களையல்ல, விட்ட நாட்களின் இடைவெளியை.

நம் தொழிலில் இந்த நெறி புதிதன்று. அஞ்சலகத்தின் ஐந்தாண்டுத் தொடர் வைப்பில் ஒரு தவணை தவறினால் கணக்கை மூடிவிடுவதில்லை. நூறு ரூபாய்க்கு ஒரு ரூபாய் வீதம் கட்டணம் செலுத்தித் தொடரலாம். தொடர்ந்து நான்கு தவணைகள் தவறினால்தான் கணக்கு நின்றுபோகும். அப்போதும் இரண்டு மாதத்துக்குள் உயிர்ப்பித்துக்கொள்ளலாம். ஒரு தவணை தவறிய வாடிக்கையாளரிடம் ‘நீங்கள் இதுவரை கட்டியதெல்லாம் போயிற்று’ என்று எந்த வங்கியும் கூறுவதில்லை. ஆனால் எங்கள் காசாளரிடம் எங்கள் நாட்காட்டி அதைத்தான் கூறியது.

ஆகவே விதிகளை மாற்றி எழுதினோம். குறியிடப் பத்து நிமிட நடை போதும். மழைநாளில் கூடத்துக்குள் நடந்தாலும், மாடிப்படி ஏறி இறங்கினாலும் அது நடையே. ஆண்டுக்கு 12 நாள் தற்செயல் விடுப்பு எங்கள் பணிக்கு உண்டு. நடைக்கு மட்டும் ஏன் இல்லை என்று ஒரு சகோதரி கேட்டார். நியாயமான கேள்வி. மாதத்துக்கு இரண்டு நாள் விடுப்பு அளித்தோம். அந்நாளில் சிவப்புக்குப் பதில் நீல வட்டம், தொடர் அறாது. விடுப்பு உண்டு என்றால் எல்லாரும் உடனே எடுத்துவிடுவர் என்று எங்களுள் சிலர் வாதிட்டனர். அஞ்சியது நடக்கவில்லை. மரிசா ஷரிஃப், சூசன் ஷூ ஆகியோரின் ஆய்வைப் பின்னர் அறிந்தோம்: வாரத்தில் ஏழு நாளும் செய்ய வேண்டும் என்ற இலக்கோடு, அவசரத்துக்கு இரண்டு நாள் விடலாம் என்ற இருப்பும் பெற்றவர்களில் பாதிக்கு மேற்பட்டோர் இலக்கை எட்டினர். கண்டிப்பாக ஏழு நாள் என்றவர்களிலும், எளிதாக ஐந்து நாள் என்றவர்களிலும் எட்டியவர்கள் ஏறத்தாழ நான்கில் ஒரு பங்கினரே. இருப்பு கையிலிருந்தால் மனம் அதைச் செலவிடத் தயங்குகிறது. வங்கியில் பணியாற்றும் நாம் இதற்கு வியக்க வேண்டியதில்லை.

காய்ச்சல், மருத்துவர் கட்டளை, பயணம் ஆகியவற்றுக்குத் தனி விடுப்பு. அதற்கு வரம்பில்லை, ஆனால் காய்ச்சலன்று நடந்தால் குறி கிடையாது. எல்லாவற்றுக்கும் மேலாக ஒரே ஒரு கண்டிப்பு: நலமாக இருக்கும்போது மூன்றாம் நாள் காலியாக இருத்தலாகாது.

உலகில் இதற்கு நேர்மாறாக வாழ்ந்து காட்டியவர்களும் உண்டு. 1970இல் பாஸ்டன் மாரத்தானை வென்ற ஆங்கிலேயர் ரான் ஹில், 1964 டிசம்பர் 20 முதல் 2017 ஜனவரி 28 வரை, 52 ஆண்டு 39 நாள், ஒரு நாளும் விடாது ஓடினார். குறைந்தது ஒரு மைல் என்பது அவரது விதி. 78ஆம் வயதில், ஓடும்போது நெஞ்சில் வலி தோன்றியதும், வீட்டாரையும் நண்பர்களையும் எண்ணி ஓட்டத்தை நிறுத்திக்கொண்டார். அவருடைய 52 ஆண்டுகளைவிட, மறுநாள் காலணியை அணியாமலிருந்த அந்த முடிவே எங்களுக்குக் கடினமாகத் தோன்றுகிறது. எங்கள் காசாளர் கண் வைத்ததோ வெறும் நூறின் மேல்.

புதிதாகத் தொடங்க விரும்பும் வாசகர்களுக்குச் சிலவற்றைச் சொல்லவேண்டும். நீரிழிவுக்கு இன்சுலினோ சில வகை மாத்திரைகளோ எடுப்பவர்கள் நடையின்போது சர்க்கரை தாழ்ந்துவிடக்கூடும். மருத்துவரைக் கலந்துகொண்டு, சட்டைப்பையில் சிறிது சர்க்கரையோ மிட்டாயோ வைத்துக்கொள்ளவும். நெஞ்சில் அழுத்தம், இயல்புக்கு மீறிய மூச்சிரைப்பு இருந்தால் அன்றைய குறியை மறந்து உடனே மருத்துவரிடம் செல்லவும். செயலியைவிடச் சுவர் நாட்காட்டி நல்லது என்பது எங்கள் கருத்து; வீட்டிலுள்ள அனைவரும் அதைப் பார்ப்பார்கள், பேரப்பிள்ளைகள் கேள்வி கேட்பார்கள். இலக்கை முதலில் ஒரு மண்டலமாக வைத்துக்கொள்ளவும். முடிந்ததும் சிறிது இளைப்பாறி அடுத்ததைத் தொடங்கலாம்.

எங்கள் காசாளர் திரும்பி வந்ததும் அவ்வழியில்தான். நாங்கள் விதிகளை மாற்றிச் சொல்லியும் அவர் அசையவில்லை. நவம்பரில், விருச்சிகம் முதல் நாள், ஆண்டுதோறும்போல் மாலை அணிந்து கறுப்பு வேட்டியுடன் கிளைக்கு வந்தவர், மறுநாள் காலை படகுத்துறையிலும் நின்றார். எத்தனையாவது நாள் என்று எவரும் கேட்கவில்லை. விரதக் காலத்தில் வெறுங்காலுடன் நடக்கவே அவருக்கு விருப்பம். நீரிழிவு உள்ளவர் காலில் புண் வந்தால் எளிதில் ஆறாது என்று மருத்துவர் தடுத்தார். குருசாமியிடம் கேட்டு, அவர் இசைவு தந்த பின் செருப்பணிந்தே 41 நாளும் நடந்தார். அவற்றில் இரண்டு நீல வட்டங்கள்.

இவ்வாண்டு நாட்காட்டியும் அதே சுவரில் தொங்குகிறது. மார்ச் தாளில் அவர் பெயருக்கு நேரே 30, 31 ஆகிய இரு கட்டங்களும் காலி. ஆண்டுக் கணக்கு முடிப்பு நள்ளிரவைத் தாண்டியது, அம்மாதத்து விடுப்பை ஏற்கனவே எடுத்துவிட்டிருந்தார். வாடிக்கையாளர் வராத ஏப்ரல் முதல் நாள், நாங்கள் கண்ணைக் கசக்கிக்கொண்டு படகுத்துறைக்குச் சென்றபோது மணி ஆறேகால். அவர் நமக்கு முன்பே வந்து, முதல் படகில் இறங்கியவர்களிடம் நேரம் கேட்டுக்கொண்டிருந்தார்.